சட்டமன்றத்தில் ஒரு மருத்துவர்
டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி அம்மையாரின் வாழ்வும் பணியும்



தமிழ்ப் பள்ளியின் மேல்வகுப்பில் ஒருநாள் "சட்டமன்ற உறுப்பினர்" என்னும் சொல் பாடத்தில் வந்தது. அதன் பொருளைச் சொல்லி முடித்ததும் மாணவி ஒருத்தி எழுந்து, "அவர்கள் அங்கே அமர்ந்து உண்மையில் என்ன செய்வார்கள்?" என்று கேட்டாள். வகுப்பில் சிரிப்பொலி எழுந்தது. ஆயினும் அது சிரித்துவிட்டுக் கடந்து போகத்தக்க வினா அன்று. பெரியவர்களாகிய நம்மில் பலருக்கும் அதற்கு உடனே விடை சொல்ல இயலாது. தேர்தல் காலத்துச் சுவரொட்டியும் மாலையும் ஒலிபெருக்கியும் நமக்கு நினைவிருக்கும். அதன்பின் மன்றத்துள் நிகழும் பணியைப் பற்றி நாம் அறிந்தது குறைவே.

அவ்வினாவுக்கு விடையாக ஒருவரது வாழ்க்கையையே எடுத்துச் சொல்லலாம். பிரிட்டிஷ் இந்தியாவின் சட்டமன்றங்களில் முதல் பெண் உறுப்பினராக 1927ஆம் ஆண்டில் சென்னையில் அமர்ந்தவர் டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி. அவர் அம்மன்றத்தில் இருந்தது நான்கு ஆண்டுகளுக்கும் குறைவான காலமே. அக்காலத்தில் அவர் தொடங்கிய பணிகளின் பயன் இன்றளவும் நிற்கிறது.

புதுக்கோட்டையில் பிறந்த பெண்

முத்துலட்சுமி 1886ஆம் ஆண்டு ஜூலை 30ஆம் நாள் புதுக்கோட்டையில் பிறந்தார். தந்தையார் நாராயணசாமி ஐயர் அவ்வூர் மகாராஜா கல்லூரியின் தலைவராக விளங்கிய கல்வியாளர். தாயார் சந்திரம்மாள் இசையையும் நடனத்தையும் மரபாகக் கொண்ட குலத்தில் தோன்றியவர். அக்குலத்துப் பெண்களிற் பலர் கோயிற்பணிக்கென்று சிறுவயதிலேயே நேர்ந்துவிடப்பட்டனர். தாயின் உறவினர் வீடுகளில் தாம் கண்ட துன்பம் அவர் உள்ளத்தில் ஆழப் பதிந்தது. பிற்காலத்தில் சட்டமன்றத்தில் அவர் எழுப்பிய குரலுக்கு வேர் இங்கேதான் இருக்கிறது.

பெண்பிள்ளை பருவமடைந்ததும் பள்ளியை விட்டு நிறுத்துவது அக்கால வழக்கம். முத்துலட்சுமியும் அவ்வாறே வீட்டில் இருத்தப்பட்டார். ஆயினும் படிப்பு நிற்கவில்லை. வீட்டிலிருந்தபடியே கற்று மெட்ரிகுலேஷன் தேர்வில் தேறினார். அடுத்துக் கல்லூரியிற் சேர விண்ணப்பித்தபோது எதிர்ப்பு எழுந்தது. ஆடவர் மட்டுமே பயிலும் கல்லூரியில் ஒரு பெண் வந்து அமர்ந்தால் மாணவரின் ஒழுக்கம் கெடும் என்றனர் சிலர். புதுக்கோட்டை மன்னர் மார்த்தாண்ட பைரவத் தொண்டைமான் அவ்வெதிர்ப்பைப் பொருட்படுத்தாது இடமளித்தார். வேறு மாணவியர் எவரும் இல்லாத வகுப்பறையில் தனியொருத்தியாக அமர்ந்து அவர் கற்றார்.

1907ஆம் ஆண்டில் சென்னை மருத்துவக் கல்லூரியிற் சேர்ந்தார். 1912ஆம் ஆண்டில் பரிசுகள் பலவற்றுடன் பட்டம் பெற்று வெளிவந்தார். எழும்பூர் அரசு மகப்பேறு மருத்துவமனையில் பயிற்சி மருத்துவராகப் பணியாற்றினார். 1914ஆம் ஆண்டில் டாக்டர் சுந்தர ரெட்டியை மணந்தார். தம்மைச் சமமாக மதிக்க வேண்டும், தம் பணியில் தலையிடுதல் கூடாது என்னும் நிபந்தனைகளை மணத்துக்கு முன்பே அவர் தெரிவித்தார். மணமகனும் அவற்றை ஏற்றார். நூறாண்டுக்கு முந்தைய தமிழ்ப் பெண்ணொருத்தி இவ்வாறு பேசினார் என்பதை நம் பிள்ளைகள் அறிந்திருத்தல் நன்று.

வாக்குரிமை வந்த வழி

அக்காலச் சட்டமன்றம் இன்றைய சட்டமன்றம் போன்றதன்று. 1919ஆம் ஆண்டு இந்திய அரசுச் சட்டத்தின்படி அமைந்த சென்னைச் சட்டமன்றத்தில் 98 உறுப்பினர்கள் தேர்ந்தெடுக்கப்பட்டனர். ஏனையோர் பதவி வழியாகவோ நியமனத்தாலோ இடம்பெற்றனர். வாக்குரிமையும் எல்லார்க்கும் உரியதாக இல்லை. சொத்தோ வரி செலுத்தும் தகுதியோ உடைய சிலரே வாக்களிக்க இயலும். நிதி, காவல் ஆகிய முதன்மையான துறைகள் ஆளுநரின் கையில் இருந்தன. கல்வி, உள்ளாட்சி, மருத்துவம் முதலியவையே அமைச்சர்களிடம் ஒப்படைக்கப்பட்டிருந்தன.

பெண்களுக்கு வாக்குரிமை அளிப்பதா என்பதை அந்தந்த மாகாண மன்றமே முடிவு செய்துகொள்ளலாம் என்று விடப்பட்டிருந்தது. 1917ஆம் ஆண்டில் அடையாற்றில் தோன்றிய இந்திய மாதர் சங்கம் இதற்காக இடையறாது உழைத்தது. அதன் பயனாகச் சென்னை மாகாணம் 1921ஆம் ஆண்டில் பெண்களுக்கு வாக்குரிமை வழங்கியது. பிரிட்டிஷ் இந்திய மாகாணங்களில் இதுவே முதலாவது. சொத்துத் தகுதி உடைய பெண்களே அதனைப் பயன்படுத்த இயன்றது எனினும் கதவு திறந்துவிட்டது. இலங்கையில் 1931ஆம் ஆண்டில், 21 வயது நிரம்பிய ஆண் பெண் இருபாலார்க்கும் சொத்துத் தகுதியின்றி வாக்குரிமை கிடைத்தது என்பதை இங்கு ஒப்பிட்டு நினைக்கலாம்.

வாக்களிக்கும் உரிமை வேறு. உறுப்பினராகும் உரிமை வேறு. பின்னதற்குத் தடை 1926ஆம் ஆண்டில்தான் நீங்கியது. அவ்வாண்டுத் தேர்தலில் கமலாதேவி சட்டோபாத்தியாயா மங்களூரில் போட்டியிட்டு, குறைந்த வாக்கு வேறுபாட்டில் தோல்வியுற்றார். தேர்தல் வழியாகப் பெண் எவரும் மன்றம் புகாத நிலையில், நியமன உறுப்பினருள் ஒருவராகவேனும் ஒரு பெண் அமர வேண்டும் என்று மாதர் சங்கம் அரசை வேண்டியது. அதற்கு அச்சங்கம் முன்மொழிந்த பெயர் முத்துலட்சுமி.

அவர் முதலில் தயங்கினார். மருத்துவத் தொழில் கெடும் என்பது அவர் கவலை. பெண்களின் குரல் ஒலிக்க வேறு வழியில்லை என்று தோழியர் வற்புறுத்தியபின் உடன்பட்டார். 1927ஆம் ஆண்டுத் தொடக்கத்தில் அவர் மன்றத்தில் அமர்ந்தபோது சுற்றிலும் ஆடவரே இருந்தனர். அவர்களே அவரை ஒருமனதாகத் துணைத் தலைவராகத் தேர்ந்தெடுத்தனர். அரசின் நியமனத்தால் உள்ளே வந்தவர், உடனிருந்த உறுப்பினர்களின் விருப்பத்தால் அவ்விருக்கைக்கு உயர்ந்தார்.

தீர்மானமும் மசோதாவும்

மாணவியின் வினாவுக்கு இனி விடை காண்போம். உறுப்பினர் ஒருவர் மன்றத்தில் மூன்று கருவிகளைக் கையாளலாம். ஒன்று கேள்வி. அரசு செய்ததையும் செய்யத் தவறியதையும் அமைச்சரிடம் கேட்டு விடை பெறுவது அது. இரண்டாவது தீர்மானம். "அரசு இதனைச் செய்தல் வேண்டும்" என்று மன்றம் பரிந்துரைப்பது அது. அரசு அதற்குக் கட்டுப்பட வேண்டும் என்பதில்லை. மூன்றாவது மசோதா. சட்டத்தின் வரைவாகிய அது, மன்றத்தில் அறிமுகமாகி, தெரிவுக் குழுவால் ஆராயப்பட்டு, சொற்கள் ஒவ்வொன்றாகத் திருத்தப்பட்டு, வாக்கெடுப்பில் வென்று, ஆட்சித் தலைமையின் ஒப்புதலையும் பெற்ற பின்னரே சட்டமாகும்.

முத்துலட்சுமி இம்மூன்றையும் மருத்துவருக்கேயுரிய முறையில் கையாண்டார். நோயாளியைப் பார்த்த கண்ணாலேயே சமுதாயத்தையும் பார்த்தார். பள்ளிப் பிள்ளைகளுக்கு முறையான மருத்துவச் சோதனை நடத்த வேண்டும் என்று வலியுறுத்தினார். பெண்களுக்கும் குழந்தைகளுக்கும் தனி மருத்துவமனை தேவை என்று அவர் கொணர்ந்த தீர்மானத்தை மன்றம் ஒருமனதாக ஏற்றது. அதன் விளைவாக மகப்பேறு மருத்துவமனையில் குழந்தைகளுக்கென்று தனிப் பிரிவு தொடங்கப்பட்டது. பெண் கல்விக்குச் சலுகைகள் வேண்டினார்.

1928ஆம் ஆண்டில், திருமண வயதைப் பெண்ணுக்கு 16 ஆகவும் ஆணுக்கு 21 ஆகவும் உயர்த்த வேண்டும் என்னும் தீர்மானத்தை முன்வைத்தார். சிறுமியரே தாயராகி மகப்பேற்றில் மடிவதை மருத்துவமனையில் நேரிற் கண்டவர் அவர். ஆகவே அவர் பேச்சில் அனுபவத்தின் வலி இருந்தது. மத்திய சட்டமன்றம் 1929ஆம் ஆண்டில் நிறைவேற்றிய சாரதா சட்டம் பெண்ணுக்கு 14, ஆணுக்கு 18 என்று வரையறுத்தது. அவர் கேட்ட அளவு கிடைக்கவில்லை. கிடைத்ததை ஏற்று, மேலும் கேட்பதே அவர் வழியாயிற்று.

தேவதாசி முறைக்கு எதிராக

அவர் வாழ்வின் பெரும் போராட்டம் தேவதாசி முறைக்கு எதிரானது. இம்முறையைப் பற்றி இளையோருக்குச் சுருக்கமாகச் சொல்ல வேண்டும். சிறுமியைத் தெய்வத்துக்கு மணம் செய்விப்பதாகச் சொல்லிப் பொட்டுக் கட்டி, ஆலயப் பணிக்கு நேர்ந்துவிடுவது பழைய வழக்கம். அப்பெண்கள் ஆடலிலும் பாடலிலும் தேர்ந்தவர்கள். தமிழகத்தின் இசையையும் நடனத்தையும் தலைமுறை தலைமுறையாகக் காத்தவர்கள். ஆனால் அவர்களுக்கு இல்வாழ்க்கை மறுக்கப்பட்டது. காலப்போக்கில் செல்வரின் ஆதரவை நாடி வாழும் நிலை வந்தது. அறியாப் பருவத்தில் பிறர் செய்த முடிவினால் ஒரு பெண்ணின் வாழ்வு முழுதும் தீர்மானிக்கப்படுவதையே முத்துலட்சுமி எதிர்த்தார்.

1927ஆம் ஆண்டு நவம்பரில், சிறுமியரைக் கோயிலுக்கு நேர்ந்துவிடும் வழக்கத்தைத் தடுக்கச் சட்டம் இயற்ற வேண்டும் என்னும் தீர்மானத்தைக் கொணர்ந்தார். மன்றம் அதனை ஏற்றது. தீர்மானம் பரிந்துரையே அன்றிச் சட்டமன்று என்பதை மேலே கண்டோம். அரசு தானாக விரைந்து முன்வராது என்பதை உணர்ந்த அவர், தாமே மசோதாவைக் கொணர்ந்தார்.

இங்கேதான் அவரது கூர்மையைக் காண்கிறோம். பொட்டுக்கட்டை நிறுத்து என்று சொன்னால் மட்டும் அது நின்றுவிடுமா? அக்குடும்பங்கள் பல இனாம் நிலங்களை நம்பி வாழ்ந்தன. கோயிற்பணி செய்யும் வரைக்குமே நிலம் அவர்களுடையது. ஒரு தலைமுறையில் பணிக்குப் பெண் இல்லையெனில் நிலம் கைவிட்டுப் போகும். நிலத்தைக் காக்கவே மகளை நேர்ந்துவிடும் நிலை இருந்தது. எனவே இந்து அறநிலையச் சட்டத்தைத் திருத்தும் மசோதாவைக் கொண்டுவந்தார். கோயிற்பணி என்னும் கட்டிலிருந்து நிலத்தை விடுவித்து, அதனை அப்பெண்களுக்கே உரியதாக்குவது அதன் நோக்கம். 1929ஆம் ஆண்டில் அது சட்டமாயிற்று. மகளை விடுவிக்க விரும்பிய தாய், நிலத்தை இழப்போம் என்று இனி அஞ்ச வேண்டியதில்லை. நோயின் குறியை மட்டும் பாராமல் அதன் காரணத்தைத் தேடிய மருத்துவரின் செயல் இது.

எதிர்ப்பு இல்லாமல் இல்லை. சமயத்தில் அரசு தலையிடலாகாது என்றனர் ஒருசாரார். தேவதாசியருள்ளும் எதிர்ப்பு எழுந்தது. புகழ்பெற்ற இசைவாணி பெங்களூர் நாகரத்தினம்மாள் முதலியோர் சங்கம் அமைத்து, தங்கள் குலத்தின் கலைப்பெருமையையும் சொத்துரிமையையும் எடுத்துக்காட்டி அரசுக்கு விண்ணப்பித்தனர். மறுபுறம், அதே சூழலில் பிறந்து அதனை வெறுத்து வெளியேறிய மூவலூர் இராமாமிர்தம் அம்மையார் ஊர் ஊராகச் சென்று இம்முறைக்கு எதிராகப் பேசினார். 1936ஆம் ஆண்டில் அதனைப் பொருளாகக் கொண்டு நாவலும் எழுதினார். காந்தியடிகளும் தந்தை பெரியாரும் ஒழிப்பையே ஆதரித்தனர்.

இக்காலத்து ஆய்வாளர் சிலர், சட்டத்தின் வேகத்தில் அப்பெண்களின் கலைவாழ்வும் நலிந்தது, அவர்களது சொல் போதிய அளவு கேட்கப்படவில்லை என்று எழுதுகின்றனர். அதனையும் நாம் நேர்மையோடு எண்ணிப் பார்க்க வேண்டும். ஒரு தீமையை நீக்கும்போது அதனோடு பிணைந்திருந்த நன்மைக்கும் ஊறு நேரலாம். ஆயினும், தானாகத் தேர்ந்துகொள்ள இயலாத வயதில் ஒரு சிறுமியின் வாழ்வைக் கட்டிவைப்பது தகாது என்னும் அடிப்படை அறம் அதனால் மாறிவிடாது.

பதவி துறந்த நாள்

1930ஆம் ஆண்டில் உப்புச் சத்தியாக்கிரகம் நாடெங்கும் பரவியது. மே மாதத்தில் காந்தியடிகள் கைது செய்யப்பட்டார். முத்துலட்சுமி தம் பதவியைத் துறந்தார். இது எளிய முடிவன்று. பொட்டுக்கட்டை முழுமையாகத் தடுக்கும் சட்டம் அப்போது நிறைவேறியிருக்கவில்லை. இருக்கையில் நீடித்தால் வேலை முடியலாம். ஆனால் தம் மக்களின் தலைவரைச் சிறையிலிட்ட அரசின் மன்றத்தில் தொடர்ந்து அமர அவர் மனச்சான்று இடந்தரவில்லை. சட்டமன்றத்தில் தாம் பெற்ற அனுபவங்களைத் தொகுத்து அவ்வாண்டிலேயே ஆங்கிலத்தில் நூலாக வெளியிட்டார்.

பதவி போனது, பணி போகவில்லை. மாதர் சங்கத்தின் வாயிலாகவும் பத்திரிகைகள் வாயிலாகவும் ஆண்டுதோறும் எழுதியும் பேசியும் வந்தார். தேவதாசித் தடைச் சட்டம் சென்னை மாகாணத்தில் 1947ஆம் ஆண்டில் நிறைவேறியது. 1927ஆம் ஆண்டில் தீர்மானம் கொணர்ந்தபோது அவருக்கு வயது 41. சட்டம் முழுமை பெற்றபோது 61. இடையில் 20 ஆண்டுகள்!

மூன்று பெண்களும் ஓர் இல்லமும்

1930ஆம் ஆண்டில் இன்னொரு நிகழ்ச்சியும் நடந்தது. தேவதாசிக் குடும்பங்களைச் சேர்ந்த இளம்பெண்கள் மூவர், அவ்வாழ்வு வேண்டாம் என்று வெளியேறி அவர் வீட்டை நாடி வந்தனர். அவர்களைப் படிக்கவைக்க எண்ணி மாணவியர் விடுதிகளில் இடம் கேட்டார். அவர்கள் பிறந்த குலத்தைக் காரணம் காட்டி இடம் மறுக்கப்பட்டது.

இந்த இடத்தைச் சற்று நின்று எண்ணுங்கள். மன்றத்தில் தீர்மானம் ஒருமனதாக நிறைவேறலாம். சட்டம் அரசிதழில் அச்சாகலாம். அச்சட்டத்தை நம்பி வெளியே வந்த பெண்ணுக்குத் தங்க ஒரு கூரை இல்லையென்றால் அச்சட்டத்தால் யாருக்கு என்ன பயன்? முத்துலட்சுமி அம்மூவரையும் தம் வீட்டிலேயே வைத்துக்கொண்டார். அதிலிருந்து வளர்ந்ததே அவ்வை இல்லம். ஆதரவற்ற பெண்களும் சிறுமியரும் சாதி வேறுபாடின்றித் தங்கிக் கல்வியும் தொழிலும் பயில அடையாற்றில் அது நிலைபெற்றது. நம் பிள்ளைகள் தமிழ்ப் பள்ளியிற் சேர்ந்ததும் முதலிற் படிக்கும் ஆத்திசூடியைத் தந்த அவ்வையின் பெயரையே அந்த இல்லத்துக்குச் சூட்டினார். இன்றும் அது இயங்கி வருகிறது.

இரண்டாவது இருபதாண்டு

அவர் தங்கை இளவயதில் புற்றுநோயால் மாண்டார். நோய் இன்னதென்று தொடக்கத்தில் அறியப்படவில்லை. மருத்துவராகிய தமக்கை அருகிருந்தும் காக்க இயலவில்லை. அத்துயரம் அவரை விட்டு அகலவில்லை. 1935ஆம் ஆண்டில், தாம் பயின்ற சென்னை மருத்துவக் கல்லூரியின் நூற்றாண்டு விழாவில் பேசியபோது, புற்றுநோய்க்கென்று தனி மருத்துவமனை வேண்டும் என்றார். அக்காலத்தில் புற்றுநோய் என்றால் இறப்பு என்பதே பொதுவான எண்ணம். சாகப்போகிறவர்களுக்கு மருத்துவமனை எதற்கு என்று கேட்டோரும் உண்டு.

அவர் பொதுமக்களிடம் கையேந்தினார். சிறுதொகையையும் மறுக்கவில்லை. 1952ஆம் ஆண்டில் பிரதமர் ஜவகர்லால் நேரு அடிக்கல் நாட்டினார். 1954ஆம் ஆண்டு ஜூன் 18ஆம் நாள் அடையாறு புற்றுநோய் நிலையம் 12 படுக்கைகளோடு தொடங்கியது. அவர் மகன் டாக்டர் கிருஷ்ணமூர்த்தியும், பின்னர் டாக்டர் சாந்தாவும் அதனை வளர்த்தனர். வாழ்நாள் முழுவதையும் அந்நிலையத்துக்கே அளித்த டாக்டர் சாந்தா 2021ஆம் ஆண்டு ஜனவரியில் மறைந்தார். இன்று இந்தியாவின் பல மாநிலங்களிலிருந்தும் நோயாளிகள் அங்கு வருகின்றனர். கோரிக்கை எழுந்தது 1935; கதவு திறந்தது 1954. இங்கும் ஏறத்தாழ 20 ஆண்டுகள்.

1956ஆம் ஆண்டில் அவருக்குப் பத்மபூஷண் விருது வழங்கப்பட்டது. 1968ஆம் ஆண்டு ஜூலை 22ஆம் நாள், 82ஆம் பிறந்த நாளுக்கு எட்டு நாட்கள் இருக்கையில் அம்மையார் மறைந்தார். தமிழ்நாட்டில் ஏழைக் கருவுற்ற பெண்களுக்கான மகப்பேறு உதவித் திட்டம் அவர் பெயரைத் தாங்கி வழங்குகிறது.

விடை

"அவர்கள் அங்கே அமர்ந்து உண்மையில் என்ன செய்வார்கள்?" என்று கேட்ட மாணவிக்கு இப்போது இவ்வாறு விடை கூறலாம்: நல்ல உறுப்பினர், மன்றத்துக்கு வெளியே தாம் கண்ட துன்பத்தை மன்றத்துக்குள் கொண்டுவருவார். அதற்கு ஏற்ற சொல்லைத் தேடிச் சட்டமாக்குவார். பின்னர் மீண்டும் வெளியே சென்று, அச்சட்டம் யாருக்காக எழுதப்பட்டதோ அவருக்குச் சோறும் கூரையும் கல்வியும் கிடைத்தனவா என்று பார்ப்பார். முத்துலட்சுமி அம்மையார் மூன்றையும் செய்தார்.

பெற்றோர்களே! நம் பிள்ளைகள் பிறந்து வளரும் இந்நாட்டிலும் நகராட்சி மன்றங்கள் உண்டு, சட்டமன்றங்கள் உண்டு. வருங்காலத்தில் அவற்றுள் நம் பிள்ளைகளும் அமரலாம். அதற்கு ஆங்கிலமும் சட்ட அறிவும் மட்டும் போதா. பிறர் துயரைத் தம் துயராக உணரும் நெஞ்சும், ஒரு செயலுக்காக இருபது ஆண்டுகள் காத்திருக்கும் பொறுமையும் வேண்டும். அவற்றை வகுப்பறை மட்டும் கற்பிக்க இயலாது. வீடும் கற்பிக்க வேண்டும்.

மாணவச் செல்வங்களே! அறம் செய விரும்பு என்பது உங்கள் முதற்பாடம். அதனை மனப்பாடம் செய்யும்போது, அவ்வையின் பெயரால் ஓர் இல்லம் எழுப்பிய இந்த மருத்துவரையும் நினைத்துக்கொள்ளுங்கள்.

வாழ்க அம்மையார் புகழ்! வளர்க தமிழ்!